காலத்தைக் கடக்கும் காளான்



மழை பெய்து ஓய்ந்த மறுநாட் காலையில், கரையான் புற்றின் ஓரத்திலும் மட்கிய வைக்கோலின் அடியிலும் வெண்குடை விரித்து நிற்கும் காளானை நீங்கள் அனைவரும் பார்த்திருப்பீர்கள். நேற்று இல்லாதது இன்று இருக்கிறது. இன்று இருப்பது நாளை இராது. ஆகையால், நிலையாமைக்கு உவமை வேண்டும்போதெல்லாம் நாம் காளானைச் சுட்டிக் காட்டுகிறோம். திடீரென்று தோன்றிய கடைகளையும் கட்சிகளையும் 'காளான்போல் முளைத்தவை' என்று எள்ளுகிறோம். ஓர் இரவு வாழ்வே உடையது என்று நாம் கருதும் அந்தக் காளானைக் கொண்டு காலத்தையே கடக்கலாம் என்று ஒரு கதை எழுந்திருக்கிறது. அந்தக் கதையைப் பற்றியும், அதற்கு அடியில் மண்ணுக்குள் கிடக்கும் மெய்யைப் பற்றியும், கதையையும் மெய்யையும் பிரித்தறியாமல் நான் செய்த ஒரு பிழையைப் பற்றியும் இன்று உங்களோடு பேச விரும்புகிறேன்.

என் பேரன் ஒன்பதாம் வகுப்பு மாணவன். விடுமுறைக்கு எங்கள் வீட்டுக்கு வந்திருந்தபோது, ஓர் அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரைப் பார்க்கும்படி என்னை வற்புறுத்தி உட்கார வைத்தான். 'ஸ்டார் டிரெக்' என்னும் பெயரில் 1966ஆம் ஆண்டில் தொடங்கிய விண்வெளிக் கதைகளின் வரிசையில் அதுவும் ஒன்று. 'டிஸ்கவரி' என்பது அதன் பெயர். 2017ஆம் ஆண்டு தொடங்கி 2024ஆம் ஆண்டு வரை ஐந்து பருவங்களாக அது வெளிவந்தது. இத்தகைய காட்சிகளில் எனக்கு நாட்டமில்லை. எனினும், பேரனுடைய விருப்பத்தை மறுக்கும் துணிவு எந்தப் பாட்டனுக்கும் இல்லை அல்லவா?

கதை இதுதான். இருபத்து மூன்றாம் நூற்றாண்டில் ஒரு விண்கலம். மற்றக் கலங்கள் விண்வெளியைப் பல நாட்கள் செலவிட்டுக் கடக்க, இந்தக் கலம் மட்டும் கண்ணிமைக்கும் நேரத்தில் மறைந்து, வேண்டிய இடத்தில் தோன்றும். அதற்கு எரிபொருள் காளானின் வித்துத்தூள். அண்டம் முழுவதும், நம் கண்ணுக்குப் புலப்படாத ஒரு தளத்தில், உயிருள்ள காளான் இழைகள் வலைபோலப் பின்னிக் கிடக்கின்றனவாம். அந்த வலையே வழி. அந்த வழியில் நுழைந்தவனுக்குத் தொலைவு என்பது இல்லை. ஒரோவழிக் காலம் என்பதும் இல்லை. ஒரு முறை அந்தக் கலம் வேற்றுலகம் ஒன்றிலிருந்து வலையின் வழியே வீடு திரும்புகிறது. திரும்பி வந்து பார்த்தால், ஒன்பது மாதங்கள் கடந்துவிட்டிருக்கின்றன. ஒரு போரின் போக்கே அதற்குள் மாறிவிட்டிருக்கிறது. மற்றொரு முறை, ஒரே அரைமணி நேரம் திரும்பத் திரும்ப நிகழ்கிறது. கலத்தில் உள்ள எவரும் அதனை உணரவில்லை. வலையோடு தன் உடம்பைப் பிணைத்துக் கொண்ட ஒருவன் மட்டும், காலத்தின் ஓட்டத்துக்குப் புறத்தே நிற்பவனாதலின், அதனை உணர்ந்து மற்றவர்களை எச்சரிக்கிறான்.

அந்த ஒருவனுடைய பெயர் பால் ஸ்டாமெட்ஸ். இது கற்பனைப் பெயர் அன்று. அமெரிக்காவில் காளான் ஆராய்ச்சியும் காளான் வளர்ப்பும் செய்து புகழ் பெற்ற பால் ஸ்டாமெட்ஸ் என்பவரின் பெயரையே, அவருக்கு மதிப்புச் செய்யும் வகையில், கதை எழுதியோர் அந்தப் பாத்திரத்துக்குச் சூட்டியிருக்கின்றனர்.

எச். ஜி. வெல்ஸ் 1895ஆம் ஆண்டில் காலப்பயணக் கதை எழுதியபோது, அவர் கற்பனை செய்தது ஓர் எந்திரம். அது உலோகத்தாலும் தந்தத்தாலும் பளிங்கினாலும் ஆனது. ஏறி அமர்ந்து ஒரு நெம்புகோலைத் தள்ளினால் அது போகும், மற்றொன்றைத் தள்ளினால் திரும்பும். எந்திரத்துக்கு நோவு இல்லை. இந்தப் புதிய கதையிலோ வழியே உயிருடையது. முதலில், அந்த வலையில் வழி காட்டுவதற்கு, நீர்க்கரடி என்னும் நுண்ணுயிரைப் பெரிதாக்கியது போன்ற ஒரு விலங்கைக் கட்டி வைத்துப் பயன்படுத்துகின்றனர். ஒவ்வொரு பயணமும் அதனை வதைக்கிறது என்று கண்டபின் அதனை விடுவிக்கின்றனர். பின்னர், வலைக்குள்ளேயே வாழும் சிற்றுயிர்கள் உண்டென்றும், தங்கள் பயணம் அவ்வுயிர்களுக்குத் தீங்கு விளைக்கிறது என்றும் உணர்கின்றனர். 'நாம் நடக்கும் வழிக்கும் வலிக்குமோ?' என்று கேட்கும் இந்தப் பகுதி என் உள்ளத்தைத் தொட்டது.

காட்சி முடிந்ததும் என் பேரன் கேட்டான்: "தாத்தா, மண்ணுக்குள்ளே மெய்யாகவே இப்படி ஒரு வலை இருக்கிறதா?"

எளிய கேள்விதான். ஆனால் நான் உடனே விடை கூறவில்லை. அதற்குக் காரணம் உண்டு. அதனைப் பின்னர்க் கூறுகிறேன். முதலில், ஐயத்துக்கு இடமின்றித் தெரிந்தவற்றைச் சொல்லி விடுகிறேன்.

நாம் குடை என்று காணும் காளான், அந்த உயிரின் முழு உடம்பு அன்று. அதன் கனியைப் போன்ற ஓர் உறுப்பே. மாங்கனியை மாமரம் என்று கொள்வார் உண்டோ? காளானின் மெய்யான உடம்பு மண்ணுக்குள்ளும் மரத்துக்குள்ளும் பரவிக் கிடக்கும் இழைகளே. அவ்விழை நம் தலைமயிரின் பத்தில் ஒரு பங்குப் பருமனும் இல்லாதது. நுனியில் வளரும், கிளைக்கும், தன் இனத்து மற்றோர் இழையைச் சந்தித்தால் பெரும்பாலும் அதனோடு ஒட்டி ஒன்றாகும். இவ்வாறு வலை உண்டாகிறது. ஆகவே, உயிருள்ள வலை என்பது கற்பனை அன்று. நம் காலடியில் அது இருக்கிறது.

அந்த வலைக்கும் காலத்துக்கும் உள்ள தொடர்பும் முழுக்கக் கற்பனை அன்று. மூன்று சான்றுகள் கூறுகிறேன்.

முதற்சான்று ஒரு கல். ஸ்காட்லாந்து நாட்டின் வடகிழக்கே ரைனி என்னும் சிற்றூர் இருக்கிறது. 1912ஆம் ஆண்டில் வில்லியம் மாக்கி என்னும் மருத்துவர், அவ்வூரின் வேலிச் சுவர்களில் இருந்த கற்கள் சிலவற்றில் செடிகளின் உருவம் படிந்திருப்பதைக் கண்டார். பழங்காலத்தில் அங்கே வெந்நீர் ஊற்றுகள் இருந்தன. அவற்றின் நீரில் கரைந்திருந்த மணற்சத்து, சுற்றியிருந்த சிறு செடிகளுக்குள் புகுந்து, அவற்றை உயிரணு உயிரணுவாகக் கல்லாக்கிவிட்டது. அது நடந்து ஏறத்தாழ 40 கோடி ஆண்டுகள் ஆகின்றன. அக்கல்லை மெல்லிய தகடாகச் சீவி நுண்பெருக்கியின்கீழ் வைத்துப் பார்த்தவர்கள், அச்செடிகளின் உயிரணுக்களுக்குள் காளான் இழை புகுந்து, சிறு மரம் போலக் கிளைத்து நிற்பதைக் கண்டனர். இன்று நம் வயலில் உள்ள ஒரு சோளச் செடியின் வேரையோ வெங்காயத்தின் வேரையோ சாயமேற்றிப் பாருங்கள். அதே சிறு மரம் அங்கேயும் நிற்கும்! நிலத்தில் வாழும் தாவர இனங்களுள் பத்தில் ஏழு பங்கு இந்த உறவை உடையவை. இழை மண்ணிலிருந்து மணிச்சத்தைத் திரட்டி வேருக்குக் கொடுக்கிறது. வேர், இலையில் சமைத்த உணவில் ஒரு பங்கை இழைக்குக் கொடுக்கிறது. நம் உழவர்கள் 'வேர் உட்பூசணம்' என்று சொல்லி நாற்றங்காலில் இடுகின்ற உரம் இதுவே. 40 கோடி ஆண்டுகளுக்கு முன் ஏற்பட்ட கொடுக்கல் வாங்கல் இன்றுவரை முறியாமல் வந்திருக்கிறது.

இரண்டாம் சான்று ஒரு காடு. அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலத்தில், மரவேர்களில் பரவும் தேன்காளான் ஒன்றை மூன்று அறிஞர்கள் ஆராய்ந்து 1992ஆம் ஆண்டில் ஒரு கட்டுரை வெளியிட்டனர். காட்டின் பல இடங்களில் எடுத்த இழைகளை ஒப்பிட்டுப் பார்த்ததில், அவையெல்லாம் ஒரே உயிரின் உறுப்புகள் என்று தெரிந்தது. அது பரவியிருந்த நிலம் 37 ஏக்கர். அதன் வயது குறைந்தது 1,500 ஆண்டுகள் என்று கணக்கிட்டனர். அவர்களுள் ஒருவரான ஜேம்ஸ் ஆண்டர்சன், ஏறத்தாழக் கால் நூற்றாண்டு கழித்து, முதிய வயதில் அதே காட்டுக்குத் திரும்பிச் சென்று, மீண்டும் இழைகளை எடுத்து, புதிய கருவிகளால் சோதித்தார். 2018ஆம் ஆண்டில் முடிவு வெளிவந்தது. நிலம் 37 ஏக்கர் அன்று, அதனினும் பெரிது. வயது 1,500 அன்று, 2,500. நம் சங்கப் புலவர்கள் பாடிய காலத்துக்கு முன்னரே முளைத்த ஓர் உயிர், ஒரு காட்டின் அடியில் இன்னும் வளர்ந்து வருகிறது. ஓர் இரவு வாழ்வு என்று நாம் எள்ளியதை இங்கே நினைவு கொள்ள வேண்டும்.

மூன்றாம் சான்று அந்தக் கதையிலேயே வரும் ஒரு பெயர். விண்கலத்தை இயக்கும் காளானுக்கு 'புரோட்டோடாக்சைட்டிஸ்' என்று கதையில் பெயர் இட்டிருக்கின்றனர். இந்தப் பெயரும் மெய்யான பெயரே. நிலத்துச் செடிகள் மிகக் குட்டையாக இருந்த காலத்தில், 25 அடி உயரத்துக்கு மேலும் தூண்போல் ஓங்கி நின்ற ஓர் உயிரின் புதைபடிவம் அது. கனடா நாட்டு அறிஞர் டாசன், 1859ஆம் ஆண்டில் அதனைப் பழைய மரம் ஒன்றின் உளுத்த அடிப்பகுதி என்று கருதி, 'ஆதி யூ மரம்' என்னும் பொருள்பட அப்பெயரை இட்டார். 2001ஆம் ஆண்டில் ஹியூபர் என்னும் அறிஞர், அது மரம் அன்று, மாபெருங் காளான் என்று விரிவாக எடுத்துக் காட்டினார். கதை எழுதியோர் அதனை நம்பியே பெயரிட்டனர். அண்மையிலோ வேறு சில ஆய்வாளர்கள், அது காளானும் அன்று, அழிந்தொழிந்த ஒரு தனிக்குலம் என்று வாதிடுகின்றனர்.

இம்மூன்று சான்றுகளிலும் ஒரு பொதுவான செய்தி இருப்பதைக் கவனித்தீர்களா? ஒருவர் ஒன்றைச் சொல்கிறார். பின்னர், அவரே வந்தோ வேறொருவர் வந்தோ அதனைத் திருத்துகிறார். வயது கூடுகிறது, பெயர் மாறுகிறது, மரம் காளானாகிறது, காளான் வேறொன்றாகிறது. இதனைச் சொல்லும்போதுதான், நான் முன்பு ஒத்தி வைத்த காரணத்துக்கு வந்து சேர்கிறேன்.

2017ஆம் ஆண்டு. நான் ஓய்வு பெறுவதற்கு முந்தைய ஆண்டு. பள்ளியில் மரம் நடும் நாள். காலை வழிபாட்டுக் கூட்டத்தில், வேப்பமரத்தடியில் நின்று நான் மாணவர்களுக்கு உரை நிகழ்த்தினேன். அதற்குச் சில நாட்களுக்கு முன்னர் ஒரு வார இதழில் படித்திருந்த செய்தியை உருக்கமாக எடுத்துரைத்தேன். "பிள்ளைகளே, காட்டிலே தாய்மரம் தன் விதையில் பிறந்த கன்றுகளை இனங்கண்டு, மண்ணுக்குள் இருக்கும் காளான் இழைகளின் வழியாக அவற்றுக்குப் பாலூட்டுகிறது. பூச்சி வந்தால் முன்கூட்டியே எச்சரிக்கிறது. இது விஞ்ஞானிகள் கண்ட உண்மை. மரமே இப்படி இருக்கும்போது, பெரிய வகுப்புப் பிள்ளைகளாகிய நீங்கள் சிறிய வகுப்புப் பிள்ளைகளுக்கு எவ்வளவு உதவ வேண்டும்!" என்றேன். கூட்டம் அமைதியாகக் கேட்டது. ஆசிரியர்கள் பாராட்டினர். அந்த உரையைப் பற்றி நானும் நெடுநாள் பெருமை கொண்டிருந்தேன்.

சென்ற ஆண்டு, அந்தக் கூட்டத்தில் ஒன்பதாம் வகுப்பு வரிசையில் நின்றிருந்த மாணவி ஒருத்தி என்னைக் காண வந்தாள். இப்போது வேளாண்மைக் கல்வியில் மேற்படிப்புப் படிக்கிறாள். நலம் உசாவிய பிறகு, சற்றுத் தயங்கி, "ஐயா, உங்களிடம் ஒன்று சொல்ல வேண்டும். தவறாக நினைக்கக் கூடாது" என்றாள். சொல் அம்மா என்றேன்.

கல்லூரியில் ஒரு கருத்தரங்கில், தாய்மரம் கன்றை இனங்கண்டு ஊட்டுகிறது என்று அவள் உறுதியாகப் பேசியிருக்கிறாள். பேராசிரியர், "இதற்குக் காட்டில் கண்ட சான்று எது?" என்று கேட்டிருக்கிறார். அவளிடம் விடை இல்லை. அவள் அந்தச் செய்தியை எந்தக் கட்டுரையிலும் படித்தவள் அல்லள். "எங்கள் தலைமையாசிரியர் சொன்னார்" என்பது ஒன்றே அவளிடம் இருந்த சான்று. அதனை அவள் அங்கே சொல்லவில்லை. என் பெயருக்குக் குறை வரக்கூடாது என்று வாய் மூடி நின்றாள். இதனைச் சொல்லிவிட்டு, தான் பின்னர்த் தேடிப் படித்த ஆங்கிலக் கட்டுரைகளின் படிகளை என் மேசைமேல் வைத்தாள்.

நேயர்களே, உண்மையைச் சொன்னால், முதலில் எனக்குச் சினமே வந்தது. நல்ல நோக்கத்தோடுதானே சொன்னேன், பிள்ளைகள் ஒருவருக்கொருவர் உதவ வேண்டும் என்பதற்காகத்தானே சொன்னேன் என்று எனக்குள்ளேயே வழக்காடினேன். அவள் சென்றபின் அகராதியை அருகில் வைத்துக் கொண்டு அக்கட்டுரைகளைப் படித்தேன். மூன்று நாட்கள் ஆயின.

படித்ததை உங்களுக்கும் சொல்கிறேன். வேரும் காளானும் சேர்ந்து வாழும் உறவுக்கு 1885ஆம் ஆண்டில் பெயரிட்டவர் ஜெர்மானிய அறிஞர் பிராங்க். அந்த உறவில் எவருக்கும் ஐயமில்லை. கனடாவின் காட்டில் சூசன் சிமார்டு என்னும் அம்மையாரும் அவருடைய தோழர்களும் செய்த ஒரு சோதனை 1997ஆம் ஆண்டில் வெளிவந்தது. பூர்ச்ச மரக் கன்றையும் டக்ளஸ் பிர் என்னும் ஊசியிலை மரக் கன்றையும் பைகளால் மூடி, இருவேறு அடையாளக் கரியைக் கொண்ட காற்றை அவற்றுக்கு ஊட்டினர். பின்னர்ப் பார்த்ததில், ஒன்றன் கரி மற்றொன்றில் இருந்தது. நிழலில் நின்ற ஊசியிலைக் கன்றுக்குக் கூடுதலாகப் போய்ச் சேர்ந்திருந்தது. இதனை வெளியிட்ட 'நேச்சர்' இதழ், வையவிரிவலை என்னும் சொல்லைச் சற்றே மாற்றி, 'வனவிரிவலை' என்னும் பொருள்பட முகப்பில் தலைப்பு இட்டது. அந்தச் சொல் உலகெங்கும் பரவியது. சோதனையில் கண்டது சிறிது. அதன்மேல் எழுந்த பேச்சோ பெரிது. வார இதழ்கள், புத்தகங்கள், திரைப்படங்கள், இறுதியில் என் வழிபாட்டுக் கூட்டம்.

2023ஆம் ஆண்டில் ஜஸ்டின் கார்ஸ்ட், மெலனி ஜோன்ஸ், ஜேசன் ஹோக்செமா என்னும் மூவர் இத்துறையில் வெளிவந்த ஆய்வுகளைத் தொகுத்து ஆராய்ந்து ஒரு கட்டுரை எழுதினர். காளான் வலை காடெங்கும் மரங்களை இணைத்து நிற்கிறது என்று பொதுப்படக் கூறுவதற்குக் காட்டில் கண்ட சான்று போதாது என்றனர். ஒரு கன்றிலிருந்து மற்றொன்றுக்குக் கரி போவதற்கு மண்ணீர் முதலிய வேறு வழிகளும் உண்டு என்றனர். தாய்மரம் தன் கன்றை இனங்கண்டு ஊட்டுகிறது, எச்சரிக்கிறது என்பதற்குக் காட்டில் செய்து வெளியிடப்பட்ட சோதனை ஒன்றுகூட இல்லை என்றனர். இதனைச் சிமார்டு அம்மையார் ஏற்கவில்லை. அவருடைய கட்சியிலும் அறிஞர்கள் உள்ளனர். வழக்கு நடந்து கொண்டிருக்கிறது. நடந்து கொண்டிருக்கும் வழக்கில் நான் தீர்ப்பு வாசித்துவிட்டேன் என்பதுதான் என் பிழை.

அக்கட்டுரையில் என்னை நாணச் செய்தது வேறொன்று. அதனை எழுதிய மூவருள் ஒருவரான மெலனி ஜோன்ஸ், 1997ஆம் ஆண்டின் சோதனையைச் செய்த அறுவருள்ளும் ஒருவர். தாம் பங்கு கொண்ட ஆய்வு, அது தாங்கக்கூடியதற்கு மேலான சுமையைத் தாங்கும்படி செய்யப்பட்டது என்று தோன்றியபோது, அதனை வெளிப்படையாகச் சொல்ல அவர் அஞ்சவில்லை. உலகப் புகழ் பெற்ற கட்டுரையின் ஆசிரியர் அவ்வாறு செய்ய, ஊர்ப் பள்ளியின் தலைமையாசிரியனாக இருந்த நான் சினங்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

இப்போது அந்தத் தொடர்கதைக்கு மீண்டும் வருகிறேன். அண்டமெங்கும் பரவிய காளான் வலை, அதன் வழியே காலப்பயணம் என்று அது கூறுவது, நான் கூறியதைவிட ஆயிரம் மடங்கு பெரிய கற்பனை. ஆயினும் அதன்மேல் குற்றமில்லை. கதை என்று சொல்லிக் கொண்டே அது வருகிறது. கேட்பவனும் கதை என்று அறிந்தே கேட்கிறான். நான் பேசிய இடமோ, சொன்னதெல்லாம் மெய் என்று பிள்ளைகள் கொள்ளும் இடம். ஆகையால், கதையாசிரியனுக்கு உரிய உரிமையை ஆசிரியன் எடுத்துக் கொள்ளக் கூடாது. உதவி செய்க என்னும் அறம் தானே நிற்கும் வலிமை உடையது. அதற்கு முட்டுக் கொடுக்க, உறுதிப்படாத விஞ்ஞானம் வேண்டியதில்லை. முட்டுக் கொடுத்த கம்பு முறிந்தால், அறமும் சேர்ந்து முறிந்ததாகப் பிள்ளைகள் எண்ணக்கூடும் அல்லவா?

அந்தக் காளான் வலை எனக்கு ஒருமுறை கிடைத்தால் எங்கே போவேன் என்று எண்ணிப் பார்த்தேன். எதிர்காலத்துக்குப் போக மாட்டேன். மன்னர்களின் அரசவைகளைக் காணவும் போக மாட்டேன். 2017ஆம் ஆண்டின் அந்தக் காலைக்கே போவேன். வேப்பமரத்தடியில் பேசிக் கொண்டிருக்கும் அந்த மனிதரின் காதில் ஒரே சொல்லைக் கூறுவேன். 'ஊட்டுகிறது' என்பதை மாற்றி, 'ஊட்டுகிறது என்று சிலர் கருதுகின்றனர்' என்று சொல்லும்படி வேண்டுவேன். அவ்வளவுதான். அந்தச் சிறு திருத்தம் இருந்திருந்தால், என் மாணவி கருத்தரங்கில் வாய் மூடி நின்றிருக்க மாட்டாள். 'இது இன்னும் ஆராயப்படுவது' என்று தலைநிமிர்ந்து சொல்லியிருப்பாள். ஒருவேளை, தானே ஆராயவும் தொடங்கியிருப்பாள்.

ஆனால் அத்தகைய வழி நமக்கு இல்லை. விரைந்து செல்லும் கடிகாரம் வேறு வேகத்தில் ஓடும் என்று ஐன்ஸ்டீன் கூறியதை, 1971ஆம் ஆண்டில் அணுக்கடிகாரங்களை விமானங்களில் ஏற்றி உலகைச் சுற்றி வரச் செய்து மெய்ப்பித்தனர். கண்ட வேறுபாடு நொடியின் நூறு கோடியில் சில நூறு பங்குகளுக்கு மேற்படவில்லை. முன்னோக்கிச் செல்வதில் அவ்வளவு சிறு சலுகையை இயற்கை தந்திருக்கிறது. பின்னோக்கிச் சென்று சொன்ன சொல்லைத் திருத்தும் வழியையோ எவரும் கண்டதில்லை. காளானின் வித்து காற்றில் ஏறிய பிறகு அதனைத் திரும்பப் பிடிப்பார் இல்லை. ஆசிரியன் சொல்லும் அத்தன்மையதே. அன்று அந்தக் கூட்டத்தில் நின்ற பிள்ளைகள் இன்று எந்தெந்த ஊர்களில் இருக்கின்றனரோ? அவர்களுள் சிலர் ஆசிரியர்களாகி, அதே செய்தியை வேறு பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொண்டிருக்கவும் கூடும்.

பின்னோக்கிச் செல்ல இயலாதவன் செய்யத்தக்கது ஒன்றுண்டு. சொல் எவ்வளவு தூரம் பரவியதோ, திருத்தத்தையும் அவ்வளவு தூரம் பரப்ப முயல வேண்டும். அதற்காகவே இன்று இந்த வானொலி நிலையத்தின் ஒலிபெருக்கிமுன் அமர்ந்திருக்கிறேன். அந்தக் காலையில் அங்கே நின்றவர்கள் எவரேனும் இப்போது கேட்டுக் கொண்டிருந்தால், அவர்களுக்கு இதனைச் சொல்கிறேன். வேருக்கும் காளானுக்கும் உள்ள நட்பு உண்மை. அதன் வயது 40 கோடி ஆண்டுகள் என்பதும் உண்மை. தாய்மரம் இனங்கண்டு ஊட்டுகிறது என்று நான் சொன்னது உறுதிப்படாதது. உறுதிப்படாததை உறுதி என்று சொன்னது என் தவறு. இளையோர்க்கு உதவுங்கள் என்று சொன்னது மட்டும் அப்படியே இருக்கட்டும்.

இன்று வகுப்பறையில் நிற்கும் ஆசிரியத் தோழர்களுக்கும் ஒரு விண்ணப்பம். அழகான செய்தி ஒன்று கையில் கிடைத்தால், அதனைச் சொல்லுமுன், இதனைக் கண்டவர் யார், எங்கே கண்டார், எப்படிக் கண்டார் என்னும் மூன்று கேள்விகளைக் கேளுங்கள். விடை தெரியாவிட்டால் செய்தியை விட்டுவிட வேண்டியதில்லை. 'எனக்குத் தெரியவில்லை, சேர்ந்து தேடுவோம்' என்று பிள்ளைகளிடம் சொல்லலாம். அப்படிச் சொல்வதனால் ஆசிரியனின் மதிப்புக் குறைவதில்லை. முப்பத்தைந்து ஆண்டுகள் பணி செய்து முடித்த பிறகு, என் மாணவியிடமிருந்து நான் கற்ற பாடம் இது.

என் பேரனுக்கும் விடை சொல்லிவிட்டேன். "வலை இருக்கிறது தம்பி. அது எவ்வளவு தூரம் பரவியிருக்கிறது, அதன் வழியே என்ன போகிறது என்பதைப் பற்றி அறிஞர்கள் இன்னும் வாதாடுகின்றனர். காலத்தில் பின்னே செல்லும் வழி அதில் இல்லை" என்றேன். அவன் சற்றே ஏமாற்றம் அடைந்தான். பின்னர், "அப்படியானால் நாமே தோண்டிப் பார்க்கலாமா?" என்று கேட்டான். இருவரும் கொல்லைக்குப் போனோம். வாழைக்கன்றின் அருகே மட்கிக் கிடந்த பழைய விறகுத் துண்டு ஒன்றைப் புரட்டினோம். அதன் அடியில், வெண்ணூலைப் பிரித்துப் பரப்பினாற்போல, இழைகள் படர்ந்திருந்தன. அவன் நெடுநேரம் குனிந்து பார்த்துக் கொண்டிருந்தான். பின்பு, நான் சொல்லாமலேயே, அந்த விறகை இருந்தபடியே மெல்லத் திருப்பி வைத்தான். அந்தத் தொடர்கதை அவனுக்கு அதனைக் கற்பித்திருக்கிறது. அதற்காக அக்கதைக்கு நன்றி.